நாற்பத்து மூன்றாவது நாளைத் தொடாத கைகளுக்காக ஒரு திறந்த மடல்

மேஜர் லீக் பேஸ்பால் ஆணையர் அவர்களுக்கும், முப்பது அணிகளின் உரிமையாளர்களுக்கும், மேஜர் லீக் ஆட்டக்காரர் சங்கத்தின் பொறுப்பாளர்களுக்கும்,

உங்கள் இரு தரப்புக்கும் இடையிலான ஒப்பந்தம் 2026 டிசம்பர் 1-ஆம் தேதியோடு முடிகிறது. அடுத்த ஒப்பந்தத்தைப் பற்றிக் காதில் விழும் பேச்செல்லாம் சம்பள உச்சவரம்பு வருமா வராதா என்பதுதான். அது பெரிய சம்பளக்காரர்களுக்கும் அந்தச் சம்பளத்தைக் கொடுப்பவர்களுக்கும் இடையிலான வழக்கு. எப்படியும் பேசித் தீர்த்துக்கொள்வீர்கள். அந்தப் பேச்சில் இடமே இல்லாத ஒருவனுக்காக இந்த மடலை எழுதுகிறேன். இதன் ஆங்கிலப் படி உங்களுக்குத் தனியாக வருகிறது. தமிழிலும் எழுதக் காரணம், குடும்பத்தோடு டிக்கெட் வாங்கி உங்கள் மைதானங்களில் வந்து உட்காரும் எங்கள் ஆட்களுக்கும் இந்த விவரம் தெரிய வேண்டும் என்பதுதான்.

நான் சொல்லும் ஆளை ஜர்னிமேன் பிட்சர் என்பார்கள். எந்த அணியிலும் நிலையாக இடம் கிடைக்காமல், கூப்பிட்ட ஊருக்குப் போய்ப் பந்து வீசிவிட்டு, அனுப்பிய ஊருக்குப் பெட்டியோடு கிளம்புகிறவன். அவன் இல்லாமல் உங்கள் 162 ஆட்டப் பருவம் ஓடாது. ஓர் அணியின் 26 பேரில் 13 பேருக்கு மேல் பிட்சர்கள் இருக்கக் கூடாது என்பது உங்கள் விதி. ஆனால் பருவ முடிவில் கணக்கெடுத்தால், பெரும்பாலான அணிகளில் அதைவிட இரண்டு மடங்குப் பேர் வீசி முடித்திருப்பார்கள். அந்த இரண்டாவது பாதியில் வருகிறவர்கள்தான் இவர்கள்.

நான் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து அமெரிக்காவுக்கு வந்து குடியேறியவள். மேஜர் லீக்குக்கு ஆட்டக்காரர்களைத் தயார்செய்யும் கீழ்ப்படிகளை மைனர் லீக் என்பார்கள். அதில் நடுப்படிகளில் ஒன்றான ஹை-ஏ நிலையில் ஆடும் அணி ஒன்று எங்கள் ஊரில் உண்டு. ஆட்டக்காரர்கள் தங்க அணிகளே இடம் தர வேண்டும் என்ற ஏற்பாடு 2022-இல் வரும்வரை, இந்தப் பையன்களில் பலர் ஊர்க்காரர்களின் வீடுகளில்தான் தங்கினார்கள். வாடகை வாங்காமல் அறை கொடுத்த வீடுகளில் எங்களுடையதும் ஒன்று. 2019-இல் அந்த நிலையில் குறைந்தபட்சச் சம்பளம் வாரத்துக்கு 290 டாலர். அதுவும் பருவம் நடக்கும் மாதங்களுக்கு மட்டும். வசந்தகாலப் பயிற்சிக்குச் சம்பளமே கிடையாது. அந்தப் பணத்தில் எங்கள் ஊரில் ஓர் அறைகூட வாடகைக்கு எடுக்க முடியாது என்று தெரிந்துதான் கதவைத் திறந்தோம்.

அந்த ஆண்டு எங்களோடு தங்கியவன் ஓக்லஹோமாவில் ஒரு சிற்றூர்க்காரன், வலக்கை பிட்சர். வீசிவிட்டு வரும் இரவுகளில் தோளிலும் முழங்கையிலும் ஐஸ் பைகளை வைத்து, பிளாஸ்டிக் தாளால் உடம்போடு சேர்த்துச் சுற்றிக்கொண்டு சமையலறையில் வந்து உட்காருவான். ஐஸ் உருகிச் சொட்டும். தரையில் துண்டு விரித்து அதன்மேல் நாற்காலியைப் போட்டுக்கொள்வான். வலது கை கட்டுக்குள் இருப்பதால் இடது கையால்தான் சாப்பாடு. அப்போது ஊரிலிருந்து வந்திருந்த என் அம்மா முதல் நாள் அதைப் பார்த்துவிட்டு என்னிடம் ஏன் என்று கேட்டார். காரணம் சொன்னேன். மறுநாளிலிருந்து அவனுக்குத் தோசை, சப்பாத்தி எதுவும் வைக்கவில்லை. பிய்த்துத் தின்ன வேண்டாதபடி, கரண்டியால் அள்ளக்கூடிய சாப்பாடாகவே செய்து வைத்தார். என் பிள்ளைகள் கூப்பிடுவதைக் கேட்டு அவனும் அவரை ஆச்சி என்றே கூப்பிடப் பழகினான். அவன் விரல்களை அம்மா ஒருநாள் பிடித்துப் பார்த்தார். நடுவிரலின் நுனியில் பந்தின் தையல் உரசிக் காய்த்துப்போய், தோல் கட்டியாகி இருந்தது. நகம் பிளந்துவிடாமல் இருக்க ஒவ்வொரு ஆட்டத்துக்கு முன்னும் அரத்தால் தேய்த்துக்கொள்வான். உங்கள் கணினிகளில் அந்தக் கையைப் பற்றி எத்தனையோ எண்கள் இருக்கும். அந்தக் கை ஒரு மனிதனுடையது என்பதைப் பக்கத்தில் இருந்து பார்த்தவள் என்ற உரிமையில் பேசுகிறேன்.

அவன் பிறகு டபிள்-ஏ, அதற்கும் மேலே டிரிபிள்-ஏ என்று மைனர் லீக்கின் மேல்படிகளில் ஏறி, மேஜர் லீக்குக்கும் போனான். முதல் அழைப்பு வந்த இரவு எங்களுக்குத்தான் அடுத்து போன் செய்தான். முதல் போன் அவன் அப்பாவுக்கு. வீடே விழித்துக்கொண்டு கொண்டாடியது. அவன் வீசியதைத் தொலைக்காட்சியில் பார்த்தோம். இரண்டு நாள் கழித்து மறுபடி டிரிபிள்-ஏ. பிறகு மறுபடி மேலே, மறுபடி கீழே.

இது எப்படி நடக்கிறது என்பதை நான் மெல்ல மெல்லத்தான் புரிந்துகொண்டேன். உங்களுக்குத் தெரிந்ததுதான்; எங்கள் வாசகர்களுக்காகச் சொல்கிறேன். ஓர் இரவு ஆட்டம் வழக்கமான ஒன்பதைத் தாண்டிப் பதின்மூன்று இன்னிங்ஸ் போகிறது. புல்பென்னில், அதாவது ஆட்டத்தின் நடுவில் இறக்குவதற்காக வைத்திருக்கும் பிட்சர் கூட்டத்தில், இருந்த அத்தனை பேரும் வீசித் தீர்ந்துவிட்டார்கள். மறுநாளைக்கு ஓய்ந்த கை ஒன்று வேண்டும். நள்ளிரவில் டிரிபிள்-ஏ மேலாளரிடமிருந்து இவனுக்கு போன். விடியற்காலை விமானம், மாலையில் மைதானம். ஏற்கெனவே தோற்றுக்கொண்டிருக்கும் ஆட்டத்தில், மற்றவர்களின் கையைக் காப்பாற்ற இவனை இறக்குகிறார்கள். மூன்று இன்னிங்ஸ், ஐம்பது பந்து, ஒரு ரன்கூடக் கொடுக்கவில்லை என்றே வைத்துக்கொள்வோம். ஐம்பது பந்து வீசிய கையால் அடுத்த இரண்டு மூன்று நாள் வீச முடியாது. வீச முடியாதவனுக்கு 26 பேரில் ஓர் இடத்தை ஏன் கொடுக்க வேண்டும் என்று கணக்குப் பார்க்கிறார்கள். குளித்துவிட்டு வருவதற்குள் மேலாளர் அறைக்குக் கூப்பிடுகிறார். நன்றாக வீசினாய், நன்றி, நாளைக் காலை உனக்கு விமானம் இருக்கிறது என்கிறார். பத்தே பந்தில் அவனை எடுத்திருந்தால் இன்னும் ஒரு நாள் மேலே இருந்திருப்பான். அதிகமாக உழைத்ததற்காகவே இறக்கப்படும் வேலை இது.

கீழே அனுப்பிய பிட்சரை, காயம்பட்ட ஒருவருக்குப் பதிலாக எடுத்தால் ஒழிய, 15 நாள் கழியாமல் மறுபடி மேலே கொண்டுவர முடியாது என்று விதி வைத்திருக்கிறீர்கள். அடிக்கடி மாற்றுவதைக் குறைக்கத்தான் அது வந்தது. ஆனால் அதன் பாரம் யார் தலையில் விழுகிறது? ஒரு பருவத்தில் கீழே கழித்த நாட்கள் மொத்தம் இருபதை எட்டிவிட்டால், அவை எதுவும் அவனுடைய மேஜர் லீக் சேவைக் கணக்கில், அதாவது மேலே இருந்த நாட்களின் கணக்கில், ஏறாது. கீழே அனுப்பினால் குறைந்தபட்சம் இத்தனை நாள் என்று சொல்லத் தெரிந்த உங்களுக்கு, மேலே அழைத்தால் குறைந்தபட்சம் இத்தனை நாள் என்று சொல்லத் தோன்றவில்லை. கறிவேப்பிலையை எடுத்து இலை ஓரத்தில் வைப்பதுபோல அவனை வைக்கிறீர்கள்.

திறமை இருந்தால் தங்கியிருப்பான் என்று நீங்கள் சொல்லலாம். உங்கள் வரலாறு அப்படிச் சொல்லவில்லை.

எட்வின் ஜாக்சன் என்ற பிட்சரை எடுத்துக்கொள்ளுங்கள். ஜெர்மனியில் நோய்-உல்ம் என்ற ஊரில் பிறந்தவர். 2003-இல், தன்னுடைய இருபதாவது பிறந்தநாளன்று, நட்சத்திர பிட்சர் ராண்டி ஜான்சனை எதிர்த்து டாட்ஜர்ஸ் அணிக்காக முதல் ஆட்டம் ஆடினார். அதற்குப் பிறகு ஊர் ஊராக மாற்றப்பட்டார். 2010 ஜூனில் அரிசோனாவுக்காக, எதிரணிக்கு ஒரு ஹிட்கூட, அதாவது பந்தை அடித்து பேஸை எட்டும் ஓர் அடிகூட, கொடுக்காமல் ஆட்டத்தை முடித்தார். எட்டு பேரை வாக்கில், அதாவது குறி தவறிய பந்துகளால் அடிக்காமலே முதல் பேஸுக்குப் போக, விட்டு, 149 பந்துகள் வீசி முடித்த நோ-ஹிட்டர் அது. 2011 ஜூலையில் ஒரே நாளில் சிகாகோ ஒயிட் சாக்ஸிலிருந்து டொரான்டோவுக்கும், டொரான்டோவிலிருந்து செயின்ட் லூயிஸுக்கும் மாற்றப்பட்டார். அந்த ஆண்டு செயின்ட் லூயிஸ் உலகத் தொடரை வென்றது. 2019-இல் அதே டொரான்டோவுக்கு வீசியபோது அது அவருக்கு 14-ஆவது அணி. அதற்கு முன் 13 அணிகளோடு ஆக்டேவியோ டோடல் வைத்திருந்த சாதனை அன்று முறிந்தது. ஜாக்சன் பிறகு டோக்கியோ ஒலிம்பிக்கில் அமெரிக்க அணியோடு வெள்ளிப் பதக்கமும் வாங்கினார். பதினான்கு அணிகளில் எதுவும் அவரை வேண்டாத ஆள் என்று நினைத்து எடுக்கவில்லை. ஒவ்வொன்றுக்கும் அந்தந்த நேரத்தில் அந்தக் கை தேவைப்பட்டது.

ரிச் ஹில் இன்னும் நல்ல சாட்சி. 2015-இல், 35 வயதில், மேஜர் லீக் அணி எதிலும் இடம் இல்லாமல், மேஜர் லீக் அமைப்புக்கு வெளியே இயங்கும் சுதந்திர லீக் ஒன்றில், லாங் ஐலண்ட் டக்ஸ் என்ற அணியில் போய் வீசினார். அங்கே இரண்டே ஆட்டம். பாஸ்டன் அவரை எடுத்துக்கொண்டது. அடுத்த ஆண்டின் இறுதியில் டாட்ஜர்ஸ் அவருக்கு மூன்று ஆண்டுகளுக்கு 4 கோடியே 80 லட்சம் டாலர் கொடுத்தது. 2025-இல், 45 வயதில், கேன்சஸ் சிட்டிக்காக வீசி ஜாக்சனின் 14 அணிச் சாதனையைச் சமன் செய்தார். முடிந்துபோனவர் என்று உங்கள் ஆட்கள் முடிவு கட்டிய பிறகு பத்து ஆண்டு ஆடியிருக்கிறார். ஜெஸ்ஸி சாவேஸ், அணிகள் புது ஆட்டக்காரர்களைச் சுற்றுச் சுற்றாக எடுக்கும் ஆண்டுத் தேர்வில், 2002-இல் 42-ஆவது சுற்றில் எடுக்கப்பட்டவர். வரலாற்றில் அவரைவிட அதிக முறை கைமாற்றப்பட்ட பிட்சர் இல்லை. அட்லான்டா 2021-இல் உலகத் தொடரை வென்றபோது அந்தப் புல்பென்னில் இருந்தார். அதே அட்லான்டா கடைசிக் காலத்தில் அவரைப் பலமுறை பட்டியலிலிருந்து நீக்கி, பலமுறை திரும்பச் சேர்த்தது. இன்று ஒரு பையன் சாவேஸின் வழியில் வர முடியாது. தேர்வையே நீங்கள் 20 சுற்றுகளாகக் குறைத்துவிட்டீர்கள். மேஜர் லீக் அணிகளோடு இணைந்த மைனர் லீக் அணிகளையும் 2021 பருவத்துக்கு முன் 160-லிருந்து 120 ஆக்கினீர்கள். தாமதமாகப் பக்குவப்படும் கைக்கு இருந்த வாசல்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டிருக்கின்றன.

எங்கள் வீட்டுப் பையனுக்கு இந்த மூவருக்கும் கிடைத்த நீண்ட ஆயுள் கிடைக்கவில்லை. மேலே இருந்த நாட்களைத் துண்டு துண்டாகச் சேர்த்தாலும் 43 வரவில்லை.

அந்த எண் ஏன் முக்கியம் என்று எங்கள் ஆட்களுக்குச் சொல்லிவிடுகிறேன். மேஜர் லீக் பட்டியலில் 43 நாள் இருந்தவனுக்கு வயதான காலத்தில் பென்ஷன் உண்டு. அதற்குப் பிறகும் ஒவ்வொரு 43 நாளும் கால் ஆண்டாகக் கணக்கில் ஏறி, பென்ஷன் தொகை கூடும். 42 நாள் இருந்தவனுக்கு ஒன்றும் இல்லை. மேலே இருக்கும் ஒரு நாளைக்குக் குறைந்தபட்சச் சம்பளக் கணக்கில் 4,000 டாலருக்கும் மேல் வருகிறது, அதை நான் மறைக்கவில்லை. ஆனால் அவன் பத்து வயதிலிருந்து வீசிய கை அது. முப்பதுக்குள் அந்தத் தொழில் முடிந்துவிடுகிறது. வேறு படிப்பில்லை. மேஜர் லீக் மைதானத்தில் நின்று வீசியவன் என்ற பெயர் மட்டும் இருக்கிறது, அது கிழவயதில் மருந்து வாங்கித் தராது.

எல்லை எங்கே போட்டாலும் யாராவது அதற்கு இப்பால் நிற்பார்கள் என்ற பதில் எனக்குப் புரியும். ஆனால் இங்கே எல்லையைத் தொடுவது அவன் கையில் இல்லை. யார் எப்போது ஏற வேண்டும், எப்போது இறங்க வேண்டும் என்று தீர்மானிப்பது முழுக்க முழுக்க அணி நிர்வாகம். ஓர் அணி கெட்ட எண்ணத்தோடு அவனை இறக்கியது என்று நான் குற்றம் சாட்டவில்லை. அவன் எண்ணிக்கை யார் கண்ணிலும் படவில்லை, அவ்வளவுதான். ஓர் ஆளின் முதுமையைத் தீர்மானிக்கும் கணக்கு, எழுதுகிறவர் கண்ணிலேயே படாத கணக்காக இருப்பதுதான் என் புகார்.

இதைவிடப் பழைய அநீதி ஒன்று உங்கள் இரு தரப்பின் கணக்கிலும் நிற்கிறது. 43 நாள் என்ற விதி 1980-இல் வந்தது. அதற்கு முன் நான்கு ஆண்டுச் சேவை வேண்டியிருந்தது. 1980-இல் விதியைத் தளர்த்தியபோது, ஏற்கெனவே ஆடி முடித்தவர்களுக்கு அதை நீட்டிக்காமல் விட்டுவிட்டீர்கள்.

டேவிட் க்ளைடின் பெயரை உங்களில் யாரும் மறந்திருக்க முடியாது. 1973 தேர்வில் முதல் ஆளாக எடுக்கப்பட்டவர், வயது பதினெட்டு. டெக்சஸ் ரேஞ்சர்ஸ் வாஷிங்டனிலிருந்து இடம் மாறி வந்த இரண்டாவது ஆண்டு அது. கூட்டம் சேராமல் உரிமையாளர் திண்டாடிக்கொண்டிருந்தார். ஹூஸ்டனில் உயர்நிலைப் பள்ளியை முடித்த கையோடு, மைனர் லீக்கில் ஒரு பந்துகூட வீசாத அந்தப் பையனை ஜூன் 27-ஆம் தேதி நேராக மேஜர் லீக் மேட்டில் நிறுத்தினார்கள். 35,000 பேருக்கு மேல் வந்தார்கள். அந்த மைதானம் நிரம்பி வழிந்தது. மின்னசோட்டாவுக்கு எதிராக ஐந்து இன்னிங்ஸ், எட்டு ஸ்டிரைக் அவுட், ஏழு வாக், ஒரே ஒரு ஹிட். வென்றார். பையனைப் பிறகாவது மைனர் லீக்குக்கு அனுப்பிப் பதப்படுத்தியிருக்கலாம். கூட்டம் வந்ததால் அனுப்பவில்லை. தோள் போயிற்று. 18 வெற்றி, 33 தோல்வியோடு தொழில் முடிந்தது. பிறகு மரக்கடைத் தொழிலில் உழைத்துப் பிழைத்தார். மேஜர் லீக் பென்ஷனுக்கு வேண்டிய நான்கு ஆண்டுக்கு அவருக்குக் குறைந்தது 37 நாள். அவரைக் காட்டி ஓர் அணி தன் வாசலில் கூட்டத்தைச் சேர்த்தது. அவர் கேட்டால் 37 நாள் குறைகிறது என்கிறீர்கள்.

அவரைப் போன்றவர்களுக்கு 2011-இல் ஓர் ஏற்பாடு செய்தீர்கள்: 43 நாள் சேவைக்கு ஆண்டுக்கு 625 டாலர், அதிகபட்சம் 10,000 டாலர். 2022-இல் 15 சதவீதம் கூட்டினீர்கள். உச்சம் 11,500 டாலர் ஆனது. வரி பிடித்தது போக மிச்சம் அவர்களுக்கு. அந்த ஆள் இறந்தால் அத்தோடு நின்றுவிடும். மனைவிக்கு ஒரு டாலர் கிடையாது. இது பென்ஷன் அல்ல, கருணைத் தொகை. உயிரோடு இருப்பவர்கள் சில நூறு பேர்தான், பெரும்பாலோர் எழுபதைக் கடந்தவர்கள். ஆண்டு வருமானம் 1,200 கோடி டாலரைத் தாண்டிய தொழில் உங்களுடையது.

சங்கத்தாரிடம் தனியாக ஒன்று கேட்க வேண்டும். ஓய்வு பெற்றவர்கள் இன்றைய உறுப்பினர்கள் அல்லர், அவர்களுக்காகப் பேரம் பேசும் சட்டக் கடமை எங்களுக்கு இல்லை என்ற வாதம் சட்டப்படி சரியாக இருக்கலாம். ஆனால் 1972 ஏப்ரலில் உங்கள் சங்கம் நடத்திய முதல் வேலைநிறுத்தம் எதற்காக? பென்ஷனுக்காக. 86 ஆட்டங்கள் நின்றுபோயின. அன்று சம்பளத்தை இழந்து வெளியே நின்றவர்களில், பிறகு நான்கு ஆண்டை எட்டாமலே போன சாதாரண பிட்சர்களும் இருந்தார்கள். இன்றைய உறுப்பினர் ஒருவருக்கு 43 நாளில் பென்ஷன் கிடைக்கிறதென்றால் அந்த மரத்தை நட்டவர்களில் அவர்களும் உண்டு. அவர்களைப் பட்டியலுக்கு வெளியே நிறுத்திவிட்டுச் சங்க ஒற்றுமை பற்றிப் பேசுவது உங்களுக்கு உறுத்த வேண்டும்.

அடுத்தது கை. 2024 டிசம்பரில் பிட்சர்களின் காயங்கள் பற்றி ஆணையர் அலுவலகமே ஓர் அறிக்கை வெளியிட்டது. நேர்வேகப் பந்தின் சராசரி வேகம் 2008-இல் மணிக்கு 91.3 மைல், 2024-இல் 94.2 மைல். காயப் பட்டியலில் பிட்சர்கள் சேர்க்கப்பட்டது 2005-இல் 212 முறை. 2024-இல் 485 முறை. எல்லாப் பந்தையும் முழு வேகத்தில் வீச வேண்டும் என்ற நெருக்கடி ஒரு முக்கியக் காரணம் என்று அதே அறிக்கை சொல்கிறது. நட்சத்திரம் தன் வேகத்தை ஒரு மைல் குறைத்துக்கொண்டு கையைக் காப்பாற்றிக்கொள்ளலாம். மூன்று இன்னிங்ஸுக்காக அழைக்கப்பட்டவனால் முடியுமா? தன்னை நிரூபிக்க அவனுக்கு இருப்பது அந்த ஐம்பது பந்து மட்டும். ஒவ்வொன்றையும் உயிரைக் கொடுத்துத்தான் வீசுவான்.

டாமி ஜான் என்ற பிட்சரின் முழங்கையில் டாக்டர் ஃபிராங்க் ஜோப் 1974-இல் முதல் முறையாக, கிழிந்த தசைநாரை மாற்றும் அறுவையைச் செய்தபோது, ஜான் திரும்பி வருவார் என்று நம்பியவர்கள் குறைவு. 1989 வரை வீசினார். அந்த வெற்றியால் இன்று அறுவை ஒரு சாதாரணச் செய்தியாகிவிட்டது. ஆனால் அறுவைக்குப் பின் ஒரு பிட்சர் ஓர் ஆண்டுக்கும் மேல் வீச முடியாமல் இருக்க வேண்டும். பெரிய ஒப்பந்தம் உள்ளவனுக்கு அந்த ஆண்டு ஓய்வுக்காலம். மைனர் லீக்கில் இருப்பவனுக்குப் பெரும்பாலும் அதுவே முடிவு. எங்கள் நாட்டிலிருந்து போன ரிங்கு சிங்கைப் பாருங்கள். 2008-இல் இந்தியாவில் நடந்த பந்தெறியும் போட்டி ஒன்றில் தேர்வாகி, தினேஷ் படேலோடு பிட்ஸ்பர்க் பைரேட்ஸில் கையெழுத்திட்டவர். அதற்கு முன் பேஸ்பாலையே தொட்டதில்லை, ஈட்டி எறிந்துகொண்டிருந்தவர். சில ஆண்டுகளில் மைனர் லீக்கில் நன்றாகவே வீசத் தொடங்கியிருந்தார். காயங்களும் முழங்கை அறுவையும் அந்தப் பயணத்தை நிறுத்தின. கையெழுத்திட்ட அன்று எங்கள் பத்திரிகைகள் எல்லாம் எழுதின. கை போன அன்று யாரும் எழுதவில்லை.

எங்கள் வீட்டில் தங்கியவனை அவனுடைய கடைசி அணி விடுவித்தபோது முழங்கையில் வலி இருந்தது. சொன்னால் வேறு அணி எடுக்காது என்று சொல்லாமல் இருந்தான். எல்லாரும் அப்படித்தான் இருக்கிறார்கள். மெக்ஸிகோ லீக்கில் ஒரு பருவம், பிறகு ஒரு சுதந்திர லீக். அங்கேதான் முற்றிலும் போயிற்று. எந்த ஊரில் வீசிய எந்தப் பந்தில் தசைநார் கிழியத் தொடங்கியது என்று யாரால் சொல்ல முடியும்? பழைய அணியிடம் கேட்டபோது, விடுவித்த நாளில் காயம் பதிவாகவில்லை என்று பதில் வந்தது. பழைய ஸ்கேன் படங்களைக் கையில் வாங்கவே அலைய வேண்டியிருந்தது. இப்போது ஒரு கிடங்கில் வேலை செய்கிறான். பெட்டியைத் தூக்கும்போது வலது கையை முழுதாக நீட்ட முடியவில்லை. சென்ற முறை வந்தபோது எங்கள் மேசையில் கட்டு எதுவும் இல்லாமலே இடது கையால் சாப்பிட்டான்.

நீங்கள் எதுவுமே செய்யவில்லை என்று நான் சொல்ல மாட்டேன். மைனர் லீக் ஆட்டக்காரர்கள் 2022-இல் சங்கத்தில் சேர்ந்ததும், 2023-இல் வந்த அவர்களுடைய முதல் ஒப்பந்தமும் பெரிய காரியங்கள். ஹை-ஏ சம்பளம் ஆண்டுக்கு 11,000 டாலரிலிருந்து 27,300 ஆனது. டிரிபிள்-ஏ 17,500-லிருந்து 35,800 ஆனது. ஒரு பருவத்தில் ஓர் ஆட்டக்காரரை ஐந்து முறைக்கு மேல் கீழே அனுப்பக் கூடாது என்பதும் 2022 ஒப்பந்தத்தில்தான் வந்தது. ஆனால் சம்பள உயர்வுக்குப் பின்னால் பழைய ஆட்டக்காரர்கள் 2014-இல் தொடுத்து எட்டு ஆண்டு நடத்திய வழக்கும், நீங்கள் கொடுக்க ஒப்புக்கொண்ட 18 கோடியே 50 லட்சம் டாலரும் இருக்கின்றன. கேட்டுப் போராடாமல் எதுவும் வரவில்லை. அதனால்தான் நானும் கேட்கிறேன்.

வரப்போகும் ஒப்பந்தத்தில் இவற்றை எழுத்தில் சேர்க்க வேண்டும்.

பென்ஷனை நாள் கணக்கில் கொடுங்கள். மேஜர் லீக் பட்டியலில் இருந்த முதல் நாளிலிருந்தே அதற்குரிய பங்கு சேர வேண்டும். 43 நாள் என்ற வாசற்படி போக வேண்டும்.

கீழே அனுப்பினால் 15 நாள் என்று வைத்த கையாலேயே, மேலே அழைக்கப்படும் பிட்சருக்கு ஏழு நாள் என்று வையுங்கள். மறுநாளே இறக்க நேர்ந்தாலும் சம்பளமும் சேவையும் ஏழு நாளுக்கு அவன் கணக்கில் ஏற வேண்டும். ஒரு பருவத்தில் ஐந்து முறை இறக்கலாம் என்பதையும் மூன்றாகக் குறையுங்கள்.

மேஜர், மைனர் என்ற பேதம் இல்லாமல், எந்த பிட்சரை விடுவித்தாலும் அந்த நாளில் அணியின் செலவில் தோளுக்கும் முழங்கைக்கும் முழுப் பரிசோதனை செய்யுங்கள். ஸ்கேன் படங்களும் மருத்துவக் குறிப்புகளும் அன்றே அவன் கைக்கு வர வேண்டும். அடுத்த இரண்டு ஆண்டுக்கு அந்தத் தோளுக்கும் முழங்கைக்கும் ஆகும் சிகிச்சைச் செலவை, அவன் வேறு எங்கே வீசினாலும், நீங்கள் ஏற்க வேண்டும். வலியைச் சொன்னால் வாழ்க்கை போகும் என்ற பயம் அப்போதுதான் குறையும்.

1980-க்கு முன் ஆடி, நான்கு ஆண்டை எட்டாத அத்தனை பேரையும் இன்றைய 43 நாள் விதிப்படியே பென்ஷனில் சேர்த்துக்கொள்ளுங்கள். அவர்கள் இறந்தால் துணைக்குத் தொடர்ந்து கிடைக்கட்டும். மற்றக் கோரிக்கைகளைப் பேச இன்னும் ஓராண்டு ஆகலாம். இதை ஒப்பந்தம் வரும்வரை தள்ளிப்போட வேண்டாம். இரு தரப்பும் ஒத்துக்கொண்டால் உடனே செய்யக்கூடியது இது, அவர்களுக்குக் காலம் இல்லை.

பேச்சுவார்த்தை மேசையில், ஓர் ஆண்டுச் சேவையைக்கூட எட்டாத பிட்சர் ஒருவரையாவது சங்கத்தின் சார்பில் உட்காரவையுங்கள். மேலேயும் கீழேயும் போய் வந்தவர் பக்கத்தில் இருக்கும்போது அந்த எண்களை யாரும் சுலபமாகத் தாண்டிப் போக முடியாது.

இந்த ஐந்தில் எதை ஏற்கிறீர்கள், எதை ஏற்கவில்லை, ஏன் என்பதை ஆணையர் அலுவலகமும் சங்கமும் தனித்தனியாக, 2026 டிசம்பர் 1-க்கு முன், பகிரங்கமாக எழுதித் தெரிவிக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
உங்கள் பிட்சர்களுக்கு வீட்டில் இடம் கொடுத்த ஒருத்தி